செர்பியாவில் முதல் ஓராண்டு: வெள்ளை அட்டையிலிருந்து ஸ்லாவா விருந்து வரை

2024 அக்டோபரில் ஒரு மென்பொருள் வேலைக்காக பெல்கிராட் வந்து இறங்கினேன். முதல் வாரத்திலேயே காவல் நிலையத்தில் திருதிருவென்று விழித்துக்கொண்டு நின்றேன். அடுத்த மாதம் கண்ணெதிரே நின்ற பேருந்தைத் தவறவிட்டேன். ஒரு வருடம் கழித்து, இங்கே எனக்கு மிகவும் பிடித்த மேல்மாடி ஐயாவின் மனதை நோகடித்தேன். மூன்றும் தெரியாமல் செய்த தப்புதான். யாராவது சொல்வார்கள், யாராவது கூப்பிடுவார்கள் என்று காத்திருந்ததால் வந்த வினை. இந்த ஊரில் யாரும் கூப்பிட மாட்டார்கள், நாமாகத்தான் போக வேண்டும். இதைப் புரிந்துகொள்ள எனக்கு ஒரு வருடம் பிடித்தது.

செர்பியர் எங்கிருந்து வந்தார்கள், எந்த அரசன் எப்போது ஆண்டான் என்பதை இதில் தேடாதீர்கள். வேலைக்கோ படிப்புக்கோ புதிதாக வருகிறவர் எந்தக் காகிதத்தோடு, எவ்வளவு பணத்தோடு, எந்தத் தேதியில், யார் வீட்டு வாசலில் நிற்க வேண்டும் என்பதை மட்டும் எழுதுகிறேன்.

1. கிளம்பும் முன்: விசா, அப்போஸ்டில், இனிஷியல்

"இந்தியர்களுக்கு செர்பியாவில் விசா வேண்டாம்" என்று சொல்லும் பழைய வீடியோக்கள் இன்னும் சுற்றிக்கொண்டிருக்கின்றன. நம்பாதீர்கள். அந்தச் சலுகை 2023 ஜனவரி 1 முதல் இல்லை. செல்லுபடியாகும் ஷெங்கன், பிரிட்டன் அல்லது அமெரிக்க விசா கையில் இருந்தால் 180 நாட்களில் 90 நாள் வரை சுற்றிப் பார்க்கலாம், அவ்வளவுதான். அதை வைத்துக்கொண்டு வேலை பார்க்க முடியாது. 90 நாளுக்கு மேல் தங்க வேண்டுமானால் "டி" வகை விசா வேண்டும். அதற்கு எப்படி விண்ணப்பிப்பது என்று டெல்லியில் உள்ள செர்பியத் தூதரகத்தில் கேட்டுக்கொள்ளுங்கள். "முதலில் டூரிஸ்ட்டாகப் போங்கள், அங்கே போய் மாற்றிக்கொள்ளலாம்" என்று லட்சக்கணக்கில் கேட்கும் ஏஜென்ட்டிடம் காலணா கொடுக்காதீர்கள். வேலை கொடுக்கும் நிறுவனத்தின் பெயரும் ஒப்பந்தமும் உங்கள் கையில் இல்லாமல் விமானம் ஏறவும் வேண்டாம்.

சான்றிதழ்களில் பட்டம், பிறப்புச் சான்று, மணமானவர் என்றால் திருமணச் சான்று, அப்புறம் காவல்துறை நற்சான்று, இந்த நான்குக்கும் ஊரிலேயே அப்போஸ்டில் முத்திரை (சான்றிதழ் அசல்தான் என்று வெளிநாட்டுக்கு உறுதி சொல்லும் அரசு முத்திரை) வாங்கிவிடுங்கள். வெளியுறவு அமைச்சகம் வாங்குவது ஒரு சான்றிதழுக்கு 50 ரூபாய்தான். ஆனால் இடையில் இருப்பவர்களின் சேவைக் கட்டணம் அதைப் பல மடங்காக்கிவிடும். பட்டச் சான்றிதழை முதலில் மாநில அளவில் சரிபார்க்க வேண்டும், நாள் இழுப்பது அங்கேதான். எனக்கு நான்கு வாரம் ஆனது. காவல்துறை நற்சான்றை பாஸ்போர்ட் சேவை மையத்தில் 500 ரூபாய் கட்டி வாங்கலாம். அதைக் கடைசியில் வாங்குங்கள். ஆறு மாதத்துக்கு மேல் பழையது என்றால் இங்கே முகம் சுளிப்பார்கள்.

நம்மவர்கள் எல்லோரும் மாட்டிக்கொள்ளும் இடம் இனிஷியல். பட்டத்தில் "எஸ். குமரேசன்" என்று இருக்கும், பாஸ்போர்ட்டில் "குமரேசன் சுப்பையா" என்று இருக்கும், பிறப்புச் சான்றில் வெறும் "குமரேசன்". செர்பிய அதிகாரிக்கு இவர்கள் மூன்று தனித்தனி ஆட்கள். வேடிக்கை என்னவென்றால், அப்பா பெயர் இவர்களுக்கும் முக்கியம்தான். பல அரசுக் காகிதங்களில் பெயருக்கும் குடும்பப் பெயருக்கும் நடுவே அப்பா பெயரை அடைப்புக்குறிக்குள் போடுவார்கள். "பெத்ரோவிச்" போன்ற குடும்பப் பெயரே "பெத்தாரின் பிள்ளை" என்ற பொருளில் பிறந்ததுதான். ஆனால் அந்தப் பெயர் பல தலைமுறைக்கு முன்பே உறைந்துவிட்டது. அப்பா பெயர் ஒவ்வொரு தலைமுறையிலும் மாறும், அதுதான் எங்கள் குடும்பப் பெயர் என்று கவுன்ட்டரில் நின்று விளக்க முடியாது. நான் முயன்று பார்த்தேன். மூன்று பெயரும் ஒரே ஆளைத்தான் குறிக்கின்றன என்று ஊரிலேயே நோட்டரி உறுதிமொழி எழுதி, அதற்கும் அப்போஸ்டில் வாங்கி வாருங்கள். பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் கட்டம் காலியாக இருந்தால் அதைத் திருத்திய பிறகே மற்ற வேலையைத் தொடங்குங்கள்.

2. இறங்கிய 24 மணி நேரத்தில்: வெள்ளை அட்டை

இதை "பெலி கார்ட்டொன்" என்பார்கள். வெள்ளை அட்டை என்று பொருள். கையில் வருவது ஒரு சாதாரண வெள்ளைக் காகிதம். நீங்கள் எந்த முகவரியில் தங்கியிருக்கிறீர்கள் என்று காவல்துறை பதிந்ததற்கு அத்தாட்சி. நாட்டுக்குள் வந்த 24 மணி நேரத்துக்குள் இந்தப் பதிவு நடந்திருக்க வேண்டும். விடுதியில் தங்கினால் அவர்களே செய்துவிடுவார்கள், கிளம்பும்போது நகலைக் கேட்டு வாங்குங்கள். வாடகை வீடு என்றால் பதிய வேண்டியவர் வீட்டுக்காரர். அவர் உங்களோடு காவல் நிலையத்துக்கு வரலாம், அல்லது அரசின் இணையதளத்தில் பதியலாம்.

நான் வந்தது ஒரு வியாழக்கிழமை. வீட்டுக்கார அம்மா சாவியைக் கொடுத்துவிட்டு, "அதெல்லாம் திங்கட்கிழமை பார்த்துக்கொள்ளலாம்" என்றார். திங்கட்கிழமை அவர் போனை எடுக்கவில்லை. செவ்வாய்க்கிழமை நானே காவல் நிலையத்துக்குப் போனேன். கண்ணாடிக்குப் பின்னால் இருந்த அதிகாரி பாஸ்போர்ட்டைப் புரட்டி, நுழைவு முத்திரையின் தேதியைப் பேனா முனையால் தொட்டுக்காட்டி, ஐந்து விரலையும் விரித்தார். ஐந்து நாள். திட்டவில்லை, அபராதமும் போடவில்லை. வீட்டுக்காரரோடு வா என்று திருப்பி அனுப்பினார். எல்லோருக்கும் அப்படி ஒரு அதிகாரி வாய்ப்பார் என்று சொல்ல முடியாது.

சில வீட்டுக்காரர்கள் ஏன் நழுவுகிறார்கள்? வாடகை வருமானத்துக்கு வரி உண்டு. உங்களைப் பதிந்தால் வாடகைக்கு விட்டது பதிவாகிவிடும். அதனால் முன்பணம் கொடுப்பதற்கு முன்பே "என்னைப் பதிவீர்களா?" என்று கேளுங்கள். பதில் இழுத்தால் வேறு வீடு பாருங்கள். வாடகையை யூரோவில் பேசுவார்கள். ஒரு மாத வாடகை முன்பணம், தரகர் மூலம் போனால் தரகு தனி. ஒரு யூரோ சுமார் 117 தினார், பல ஆண்டுகளாக அந்த இடத்தை விட்டு அதிகம் நகரவில்லை. அதை வைத்தே மனக்கணக்குப் போடலாம்.

வசிப்பிட அனுமதி கைக்கு வரும் வரை, வார இறுதிக்கு பக்கத்து நாட்டுக்குப் போய்த் திரும்பினாலும் மறுபடி பதிய வேண்டும். வீடு மாறினாலும் அப்படியே.

3. பணம் கட்டும் சீட்டு

அரசுக் கட்டணத்தைக் கவுன்ட்டரில் நீட்டினால் பெரும்பாலும் வாங்க மாட்டார்கள். "உப்லாத்னிட்ஸா" என்ற செலுத்துச் சீட்டை நிரப்பி, அஞ்சலகத்திலோ வங்கியிலோ கட்டி, ரசீதோடு வர வேண்டும். சீட்டின் இடப்பக்கம் யார் கட்டுகிறார், எதற்கு, யாருக்கு என்று மூன்று கட்டம். வலப்பக்கம் தொகை, கணக்கு எண், அதற்குக் கீழே "மாடல்" என்று ஒரு குட்டிக் கட்டமும் அதையொட்டி ஒரு நீண்ட எண்ணும். மாடல் கட்டத்தில் பெரும்பாலும் 97 வரும். நீண்ட எண் நீங்கள் வசிக்கும் பகுதியைப் பொறுத்தது. என் நண்பர் போட்ட எண்ணை நான் அப்படியே பார்த்து எழுதினேன். பணம் அவர் வட்டாரத்தின் கணக்கில் போய் உட்கார்ந்தது. திரும்ப வாங்க அலைவதை விட மறுபடி கட்டுவது சுலபம் என்று கட்டிவிட்டேன்.

கட்டணங்கள் ஆண்டுதோறும் ஜூலையில் மாறும். அதனால் இணையத்தில் எவரோ எழுதிய தொகையை நம்பிப் போகாதீர்கள், நான் எழுதாததும் அதனால்தான். அன்றன்றைய தொகை கவுன்ட்டருக்குப் பக்கத்துச் சுவரிலேயே ஒட்டியிருக்கும். போனில் படம் எடுத்துக்கொண்டு அஞ்சலகம் போங்கள்.

4. மொழிபெயர்ப்பும் அனுமதியும்

ஊரிலிருந்து கொண்டுவந்த சான்றிதழ்களை நீதிமன்ற அங்கீகாரம் பெற்ற மொழிபெயர்ப்பாளர்தான் செர்பிய மொழிக்கு மாற்ற வேண்டும். "சூட்ஸ்கி துமாச்" என்று கேளுங்கள். வட்ட முத்திரை வைத்து, மூலப் பிரதியோடு சேர்த்துக் கட்டிக் கொடுப்பார். தமிழிலிருந்து நேரே செர்பிய மொழிக்கு மாற்றித் தரும் அங்கீகாரம் பெற்ற எவரையும் நான் பார்க்கவில்லை. ஆங்கிலம் வழியாகத்தான் போக வேண்டும். அதனால் தமிழில் மட்டும் உள்ள சான்று இருந்தால் ஊரிலேயே ஆங்கிலப் பிரதி வாங்கிவிடுங்கள். எனக்குப் பக்கத்துக்கு 1,800 தினார் ஆனது. பக்கம் என்றால் தாள் இல்லை, எழுத்து எண்ணிக்கை. ஒரே தாளில் முன்னும் பின்னும் பொடி எழுத்தில் அச்சிட்ட என் பட்டச் சான்றிதழுக்கு இரண்டு பக்கக் காசு வாங்கினார்கள். அப்போஸ்டில் சீட்டையும் மொழிபெயர்க்க வேண்டும், அதையும் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

வேலைக்கு வருகிறவர்களுக்கு 2024 பிப்ரவரி முதல் வசிப்பிட அனுமதியும் வேலை அனுமதியும் ஒரே விண்ணப்பம்தான். இணையத்தில் போட வேண்டும். அதிகபட்சம் மூன்று ஆண்டுகளுக்குக் கொடுக்கலாம். என்னோடு வந்தவருக்கு ஓராண்டுதான் கிடைத்தது. பாஸ்போர்ட், வெள்ளை அட்டை, ஒப்பந்தம், மருத்துவக் காப்பீடு, கட்டண ரசீது ஆகியவை எப்படியும் கேட்கப்படும். கைரேகையும் படமும் எடுக்க மட்டும் நேரில் போக வேண்டும்.

கவுன்ட்டரை "ஷால்டர்" என்பார்கள். அங்கே அடிக்கடி கேட்கப்போகும் வாக்கியம், "ஃபாலி வாம் யெதான் பாபிர்". உங்களிடம் ஒரு காகிதம் குறைகிறது என்று பொருள். எது என்று அவராகச் சொல்ல மாட்டார். கேட்டால் சொல்வார், பொறுமையாகவே சொல்வார். "வேறென்ன வேண்டும்? எல்லாவற்றையும் எழுதிக் கொடுங்கள்" என்று ஒரு தாளை நீட்டுங்கள். நான் நான்காவது தடவைதான் நீட்டினேன்.

5. எழுத்து: நான்கு சாயங்காலம் போதும்

அரசியலமைப்புப்படி அரசு எழுத்து சிரிலிக். கடை, பத்திரிகை, போன் செய்தியில் லத்தீன் எழுத்தும் தாராளமாகப் புழங்கும். இரண்டும் ஒரே மொழிதான், படித்தவர் எல்லோருக்கும் இரண்டும் தெரியும். லத்தீன் போதுமே என்று விட்டுவிட்டால் அரசுப் படிவத்தின் முன்னும் சில பேருந்துப் பலகைகளின் முன்னும் குருடராக நிற்பீர்கள்.

சிரிலிக்கில் பழக்கமில்லாத எழுத்துகளைக் கண்டு பயப்பட வேண்டாம். பழகிய முகத்தோடு வந்து ஏமாற்றுபவைதான் ஆபத்து. ஆங்கில எச் போல இருப்பது "ந". ஒற்றை வயிற்று பி (P) போல இருப்பது "ர". இரண்டு வயிறு வைத்த பி (B) போல இருப்பது "வ". சி போல இருப்பது "ஸ". எக்ஸ் போல இருப்பது "ஹ". நவம்பரில் நோவி சாட் போகும் பேருந்துக்காகப் பதினைந்து நிமிடம் நின்றேன். என் முன்னால் ஒரு வண்டி நின்றிருந்தது. பலகையில் "ஹோபி கா..." என்று ஏதோ எழுதியிருந்தது. ஹோபி எந்த ஊரோ என்று நினைத்துக்கொண்டிருந்தேன். அது கிளம்பிப் போன பிறகுதான் எச் என்பது ந, இரட்டை வயிற்று பி என்பது வ என்று பொறி தட்டியது.

மொத்தம் 30 எழுத்து. ஓர் எழுத்துக்கு ஓர் ஒலி, எழுதியதை அப்படியே படிக்கலாம், படித்ததை அப்படியே எழுதலாம். 19ஆம் நூற்றாண்டில் வூக் கராஜிச் செய்து வைத்த ஏற்பாடு. நமக்கு அதில் ஒரே இடைஞ்சல்தான். நாம் ஒரே "ச"வில் அடக்கிவிடும் ஒலிகளுக்கு இவர்கள் ஐந்தாறு எழுத்து வைத்திருக்கிறார்கள். குறிப்பாக இரண்டு "ச்" உண்டு, ஒன்று அழுத்தம், ஒன்று மென்மை. எனக்கு இன்னும் காதில் பிரியவில்லை. பிரியாவிட்டாலும் பிழைத்துக்கொள்ளலாம்.

தமிழருக்கு எதிர்பாராத லாபம் இலக்கணத்தில் இருக்கிறது. செர்பிய மொழியில் ஏழு வேற்றுமை. கூட வேலை பார்க்கும் ஜெர்மன்காரர் அதைக் கேட்டே நொந்துபோனார். எட்டு வேற்றுமையைப் பள்ளியில் ஒப்பித்த நமக்கு அது புதுசில்லை. விளி வேற்றுமை கூட உண்டு. "இவான்" என்பவரைக் கூப்பிடும்போது "இவானே!" என்பார்கள். முருகன் "முருகா!" ஆவது போலத்தான். நீ, நீங்கள் என்ற பிரிவும் உண்டு: "தி", "வி". புதியவரிடம், மூத்தவரிடம், ஷால்டரில் எப்போதும் "வி". அவராக "தி" சொல்லலாம் என்கிற வரை மாற்றாதீர்கள்.

6. நாட்காட்டியைக் கையில் எடுங்கள்

செர்பியத் திருச்சபை பழைய ஜூலியன் நாட்காட்டியில் நடக்கிறது, இப்போது 13 நாள் வித்தியாசம். கிறிஸ்துமஸ் ஜனவரி 7. அதற்கு முந்தைய நாள் கோயில்களில் ஓக் மரக் கிளை கொளுத்துவார்கள். ஜனவரி 1, 2 அரசு விடுமுறை. 13ஆம் தேதி இரவு பழைய கணக்குப் புத்தாண்டுக்கு இன்னொரு முறை வெடி வெடிக்கும். டிசம்பர் கடைசி வாரம் தொடங்கி ஜனவரி பாதி வரை, முக்கியமான காகிதம் எதுவும் நகரும் என்று எதிர்பார்க்காதீர்கள்.

பிப்ரவரி 15, 16 நாட்டு நாள் விடுமுறை. நவம்பர் 11 இன்னொன்று. ஈஸ்டர் வருடா வருடம் மாறும், மேற்கத்திய ஈஸ்டரோடு பெரும்பாலும் ஒத்துப்போகாது. 2026இல் ஏப்ரல் 12. 2027இல் மே 2. அங்கேதான் கண்ணி இருக்கிறது: புனித வெள்ளி ஏப்ரல் 30, மே தின விடுமுறை மே 1, 2, ஈஸ்டர் திங்கள் மே 3, மே 2 ஞாயிற்றுக்கிழமையில் விழுவதால் அதற்கு ஈடாக மே 4. ஐந்து நாள் தொடர்ச்சியாக எல்லாம் பூட்டு. அந்த வாரத்தில் உங்கள் அனுமதி முடிகிறது என்றால் மார்ச்சிலேயே புதுப்பிக்கத் தொடங்குங்கள்.

7. சைவக்காரர்களுக்கு ஒரு சொல்

"நான் வெஜிடேரியன்" என்று சொன்னால் கோழி வரும். கோழி என்பது இறைச்சிக் கணக்கில் சேராது என்று நினைக்கும் பாட்டிகள் இங்கே நிறைய. அதற்குப் பதில் "போஸ்னோ" என்ற சொல்லைக் கற்றுக்கொள்ளுங்கள். நோன்புச் சாப்பாடு. இறைச்சி, முட்டை, பால், வெண்ணெய் எதுவும் இருக்காது. நோன்பு நாள் என்பதால் சமைப்பவரும் கவனமாக இருப்பார். மீன் மட்டும் உண்டு, அதை வேண்டாம் என்று தனியாகச் சொல்ல வேண்டும். புதன், வெள்ளி, கிறிஸ்துமஸுக்கும் ஈஸ்டருக்கும் முந்தைய வாரங்கள் நோன்புக் காலம். அப்போது பேக்கரியிலும் போஸ்னோ பண்டங்கள் கூடும். வெங்காயம் நிறையப் போட்டு அடுப்பில் சுட்ட "ப்ரெப்ரானாட்ஸ்" பீன்ஸும், சுட்ட குடைமிளகாயில் செய்த "ஐவார்" துவையலும் கிடைத்தால் சோற்றுக்கே தொட்டுக்கொள்ளலாம். முதல் குளிர்காலத்தை நான் ஐவாரில்தான் ஓட்டினேன்.

8. மேசையில் வரலாறு வந்தால்

வரும். 1389இல் கோசோவோவில் நடந்த போரைப் போன வாரம் நடந்தது போலப் பேசுவார்கள். 1999இல் 78 நாள் நேட்டோ குண்டு போட்டதை, எந்தப் பதுங்கு அறையில் யாரோடு உட்கார்ந்திருந்தோம் என்பது வரை சொல்வார்கள். பெல்கிராடின் க்னேஸா மிலோஷா தெருவில் குண்டு கிழித்த பழைய இராணுவத் தலைமையகம் பல்லாண்டுகள் அப்படியே நின்றது. நீங்கள் செய்ய வேண்டியது கேட்பது மட்டும். விக்கிபீடியாவில் படித்ததைச் சொல்லித் திருத்தப் போகாதீர்கள். தொண்ணூறுகளின் போர்களைப் பற்றி ஒரே குடும்பத்துக்குள்ளேயே நாலு கருத்து இருக்கும்.

இதில் காகித விவகாரம் ஒன்றும் உண்டு. கோசோவோவைத் தனி நாடாக செர்பியா ஏற்கவில்லை. வேறு நாட்டிலிருந்து கோசோவோ போய் இறங்கி, அங்கிருந்து தரைவழியாக செர்பியாவுக்குள் வந்தால் சட்டப்படி நுழைந்ததாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள். அனுமதிக்காக விண்ணப்பித்துக்கொண்டிருக்கும் நேரத்தில் அந்தப் பக்கம் போகவே வேண்டாம்.

9. செலவும் மரியாதையும், சில்லறையாக

பெல்கிராடில் 2025 ஜனவரி 1 முதல் நகரப் போக்குவரத்து இலவசம். மிச்சமாகும் காசு காபியில் போய்விடும். "காபிக்கு வா" என்றால் ஒன்றரை மணி நேரம் என்று எடுத்துக்கொள்ளுங்கள். கூப்பிட்டவர் காசு கொடுப்பார், அடுத்த முறை நீங்கள். பிறந்த நாள் என்றால் நீங்கள்தான் அலுவலகத்துக்கே வாங்கித் தர வேண்டும், அது நம் ஊர் ட்ரீட்தான். வீட்டுக்குப் போனால் வாசலில் செருப்பைக் கழற்றுங்கள், உள்ளே போட வேறு செருப்பு தருவார்கள். பூ கொண்டுபோனால் ஒற்றைப்படை. இரட்டைப்படை சாவு வீட்டுக்கு. ஜன்னலையும் கதவையும் ஒரே நேரத்தில் திறந்து வைக்காதீர்கள். "ப்ரோமாயா" என்ற அந்தக் குறுக்குக் காற்றுதான் இங்கே எல்லா நோய்க்கும் காரணம். மேல்மாடி ஐயா தன் இடுப்பு வலிக்கும் அதையே சொல்கிறார். ஈரத்தலையோடு வெளியே போனால் என் ஆச்சி திட்டிய அதே திட்டை இங்கேயும் வாங்கலாம்.

10. ஸ்லாவா

இதற்காகத்தான் இவ்வளவும் எழுதினேன். ஒவ்வொரு செர்பியக் குடும்பத்துக்கும் ஒரு காவல் புனிதர் உண்டு. அப்பாவிடமிருந்து மகனுக்கு வரும், கல்யாணமான பெண் பெரும்பாலும் கணவர் வீட்டுப் புனிதரை ஏற்பார். நம் குலதெய்வக் கணக்குதான் என்று சொன்னால் ஒரு நொடியில் புரியும். அந்தப் புனிதரின் நாள்தான் ஸ்லாவா. வீட்டிலேயே கொண்டாடுவார்கள். அன்று விடுப்பு எடுக்கச் சட்டமே உரிமை தருகிறது. அதனால் டிசம்பர் 19, புனித நிக்கோலா நாளில், எங்கள் அலுவலகத்தில் பாதி நாற்காலி காலி. நிறையக் குடும்பங்களுக்கு அவர்தான். நவம்பர் 8, 21, ஜனவரி 20, 27, மே 6 ஆகியவையும் பெரிய நாட்கள். பழகியவரிடம் "உங்கள் ஸ்லாவா எப்போது?" என்று கேட்பதில் தப்பில்லை, சந்தோஷப்படுவார்கள்.

என்ன கொண்டுபோவது: ஒரு புட்டி வைன், ஒரு பொட்டலம் காபித்தூள், ஒரு டப்பா சாக்லேட். எல்லாம் 2,000 தினாருக்குள் முடித்துவிடலாம். அதற்கு மேல் போனால் அவர்களுக்குத்தான் சங்கடம்.

எப்போது போவது: மதியம் நெருங்கிய உறவுக்கு, மாலை நண்பர்களுக்கு என்பது பல வீட்டு வழக்கம். நேரத்தை மட்டும் முதலிலேயே கேட்டு வையுங்கள். வாசலில் "ஸ்ரெச்னா ஸ்லாவா" என்று சொல்லிக் கை கொடுங்கள். நெருங்கியவர் என்றால் கன்னத்தில் மூன்று முத்தம். இரண்டோடு நிறுத்தி முகத்தைத் திருப்பினால் மூக்கில் மூக்கு இடிக்கும், அனுபவம்.

உள்ளே நுழைந்ததும் ஒரு தட்டு வரும். கோதுமையை வேகவைத்து, அரைத்து, சர்க்கரையும் வால்நட்டும் சேர்த்துப் பிசைந்த "ஜிட்டோ". பக்கத்தில் ஒரு கண்ணாடிக் குவளையில் சுத்தமான கரண்டிகள், இன்னொன்றில் தண்ணீர். ஒரு கரண்டி எடுத்து, ஒரு வாய் சாப்பிட்டு, எச்சில் கரண்டியைத் தண்ணீர்க் குவளையில் போட வேண்டும். நான் சர்க்கரைப் பொங்கல் நினைப்பில் இரண்டாவது கரண்டியும் அள்ளினேன். பிறகு அதைச் சுத்தமான கரண்டிகளோடு போட்டேன். வீட்டு அம்மா ஒன்றும் சொல்லாமல் அந்தக் குவளையை அப்படியே உள்ளே எடுத்துப் போய், வேறு கரண்டிகளோடு வந்தார். ஜிட்டோ பிரசாதம், சாப்பாடு இல்லை. இறந்தவர்களை நினைத்துப் படைப்பதும் இதுவே.

மேசை நடுவில் உயரமான மெழுகுவர்த்தி நாள் முழுக்க எரியும். பூவும் பறவையும் மாவில் செய்து ஒட்டிய வட்ட ரொட்டி இருக்கும். அதைக் கையில் பிடித்துச் சுழற்றி, சிலுவைபோல வைன் ஊற்றி, பிய்ப்பார்கள். அப்போது நீங்கள் எழுந்து நின்றால் போதும், சிலுவை போட வேண்டியதில்லை. வீட்டுத் தலைவர், "டொமாச்சின்", பழைய முறைப்படி உட்கார மாட்டார். விருந்தாளிக்குப் பரிமாறிக்கொண்டே நிற்பார். அவரை உட்காரச் சொல்லி வற்புறுத்தாதீர்கள்.

பிளம் பழத்தில் வடித்த ராக்கியா வந்தால், கண்ணைப் பார்த்து "ஜிவெலி!" சொல்லி மெல்ல உறிஞ்ச வேண்டும். குடிக்காதவர் முதல் சுற்றிலேயே "குடிப்பதில்லை, ஜூஸ் கொடுங்கள்" என்று சொல்லிவிடுங்கள். பாதியில் நிறுத்தினால் ராக்கியா பிடிக்கவில்லை என்று நினைப்பார்கள், அதை அவர் தம்பி தோட்டத்தில் வடித்திருப்பார். நிக்கோலா நாள் நோன்புக் காலத்தில் விழும், அதனால் மேசை முழுக்க போஸ்னோ. மே மாத ஸ்லாவா என்றால் பன்றி வறுவல் நிச்சயம். சைவக்காரர்கள் முந்தைய நாளே ஒரு வார்த்தை சொல்லிவையுங்கள்.

உறவினரை அறிமுகம் செய்வார்கள். இங்கே தமிழர்தான் ராஜா. அப்பாவின் சகோதரர் "ஸ்ட்ரிட்ஸ்", அம்மாவின் சகோதரர் "உயாக்": சித்தப்பா, பெரியப்பா, மாமா. கணவரின் சகோதரி "ஸாஓவா" நம் நாத்தனார். "யெத்ர்வா" ஓரகத்தி. "பாஷெனோக்" என்று ஒருவரைக் காட்டினார்கள். மனைவியின் சகோதரியைக் கட்டியவர் என்று விளக்கத் தொடங்கியதும், "சகலை!" என்று கத்திவிட்டேன். எங்கள் மொழியிலும் இதற்கு ஒற்றைச் சொல் உண்டு என்றதும் மேசையே கேள்வி மேல் கேள்வியாகக் கேட்டது. ஆங்கிலத்தில் இதைச் சொல்ல ஒரு வாக்கியம் வேண்டும் என்பதில் இருவருக்கும் ஒரே பெருமை. மனைவியின் சகோதரி இங்கே "ஸ்வாஸ்திகா". சிரிக்காமல் சொல்லிப் பழகுங்கள்.

எப்போது கிளம்புவது: இரண்டு மூன்று மணி நேரம் இருக்கலாம். இனிப்புக்குப் பிறகும் ஒரு சுற்றுக் காபி வந்தால், கேலியாக அதற்கு "சிக்தெருஷா" என்று பெயர். விரட்டும் காபி. அதைக் குடித்துவிட்டு எழுந்துவிடுங்கள்.

இப்போது நான் செய்த பெரிய தப்பு. 2024 டிசம்பரில் மேல்மாடி ஐயா என்னைக் கூப்பிட்டிருந்தார், போனேன். 2025 டிசம்பரில் அவர் கூப்பிடவில்லை. ஏதோ காரணம் இருக்கும், தொந்தரவு செய்ய வேண்டாம் என்று வீட்டிலேயே இருந்துவிட்டேன். மேலே நாற்காலி இழுக்கும் சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது. மறுநாள் மாடிப்படியில் பார்த்தவர், "உடம்பு சரியில்லையா?" என்று கேட்டார். இல்லை என்றேன். அவர் முகம் மாறியது. பிறகு அலுவலகத்தில் கேட்டபோதுதான் விஷயம் தெரிந்தது. ஸ்லாவாவுக்கு அழைப்பு கிடையாது. முதல் தடவை மட்டும் சொல்வார்கள். அதன் பிறகு ஒவ்வொரு வருடமும் நீங்களாக வர வேண்டும், உங்களுக்கென்று தட்டு வைத்திருப்பார்கள். எனக்கும் ஒரு தட்டு வைத்திருந்தார்கள்.

அந்த வாரமே காபித்தூளும் சாக்லேட்டும் எடுத்துக்கொண்டு மேலே போய், எங்கள் ஊரில் அழைக்காமல் போனால் மரியாதை இல்லை என்று விளக்கினேன். அவர் சிரித்தார். அந்த வீட்டு அம்மா ஃப்ரிட்ஜிலிருந்து மிச்சமிருந்த ப்ரெப்ரானாட்ஸை எடுத்துச் சூடு பண்ணினார். போனில் ஒரு நினைவூட்டல் போட்டு வைத்திருக்கிறேன், வருடா வருடம் தானாக அடிக்கும்: டிசம்பர் 19, மாலை 6 மணி, மேல்மாடி, ஒரு கரண்டி மட்டும்.